சுவருக்குள் இருக்கும் தேனீயைப் பெட்டிக்குக் கொண்டுவருவது: செட்டிநாட்டு வீடுகளுக்கான முழு வழிகாட்டி

காரைக்குடி, பள்ளத்தூர், தேவகோட்டைப் பக்கம் பல வீடுகள் வருடத்தில் பத்து மாதம் பூட்டிக் கிடக்கின்றன. படைப்புக்கோ (முன்னோர் வழிபாடு) கல்யாணத்துக்கோ திறக்கும்போது, மேல்மாடி அறையின் காற்றுத் துவாரத்திலோ பழைய மர அலமாரியிலோ தேனீ குடியிருக்கும். உடனே மண்ணெண்ணெய்த் துணியைக் கொளுத்தச் சொல்லி ஆள் தேடுவார்கள். அப்படிக் கொளுத்த வேண்டாம் என்று சொல்லி எடுத்துவந்த கூட்டங்கள்தான் என் தோட்டத்தில் இப்போது இருப்பவை.

இந்த வேலையைக் கற்றுக்கொள்ள வந்தவர்களில் பெரும்பாலோர் கொட்டு வாங்கிப் பயந்து விலகவில்லை. பெட்டியில் ஏற்றிய கூட்டம் நாலாம் நாளோ பத்தாம் நாளோ மொத்தமாகப் பறந்துவிட்டதால் மனம் விட்டுப்போனவர்கள் அவர்கள். நம் ஊர்த் தேனீக்கு இடம் பிடிக்கவில்லை என்றால் கிளம்பிவிடும். கீழே உள்ள படிகளின் வரிசை முழுக்க அது கிளம்பாமல் இருப்பதற்காக அமைத்தது. வரிசையை மாற்றாதீர்கள்.

1. எந்தத் தேனீ என்று முதலில் பாருங்கள்

பெட்டியில் வளர்க்க முடிந்தது பொந்துக்குள், இருட்டில், ஒன்றுக்கொன்று இணையாகப் பல அடைகள் கட்டும் இந்தியத் தேனீ. அடுக்குத் தேனீ என்றும் பொந்துத் தேனீ என்றும் சொல்வார்கள். இதன் அறிவியல் பெயர் ஏபிஸ் செரானா. தென்னிந்தியாவிலும் இலங்கையிலும் இருக்கும் உள்வகைக்கு ஏபிஸ் செரானா இண்டிகா என்று பெயர். வயிற்றில் வெளிறிய பட்டைகள் தெளிவாகத் தெரியும்.

தண்ணீர்த் தொட்டியின் அடியிலோ கோபுரத்திலோ உயர்ந்த மரக்கிளையிலோ ஒரே ஒரு பெரிய அடை திறந்தவெளியில் தொங்கினால் அது மலைத்தேனீ. அதன் பக்கமே போகாதீர்கள். செடிக்கொம்பில் உள்ளங்கை அளவு ஒற்றை அடை கட்டியிருந்தால் கொம்புத்தேனீ. அது பெட்டிக்குள் தங்காது. சுவர் ஓட்டையில் பிசின் குழாய் நீட்டிக்கொண்டிருந்தால் கொட்டாத கொசுத்தேனீ. அதற்கு வேறு பெட்டி, வேறு முறை.

துவாரத்துக்குள் கண் எட்டவில்லை என்றால் வெயில் நேரத்தில் வாசலைக் கவனியுங்கள். நம் தேனீ வாசலில் நின்று இறக்கையால் விசிறும்போது தலையை வெளிப்பக்கம் வைத்து, காற்றை உள்ளே தள்ளும். பண்ணைகளில் வளர்க்கும் வெளிநாட்டு வகையான இத்தாலியத் தேனீ தலையை உள்பக்கம் வைத்து விசிறும். இந்த ஒரு அடையாளம் போதும்.

கூட்டத்தை விலைக்கு வாங்க நினைப்பவர்களுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். சமவெளியில் உள்ளது சற்றுச் சிறியது, மஞ்சள் கூடியது. மலையில் உள்ளது கறுத்தது, பெரியது, தேனும் கூடுதலாகச் சேர்க்கும். அந்தத் தேனுக்கு ஆசைப்பட்டு மலைக் கூட்டத்தை இந்தச் செம்பொறை மண்ணின் வெயிலுக்குக் கொண்டுவராதீர்கள். இங்கேயே பிறந்து வளர்ந்த கூட்டம்தான் இங்கே நிற்கும்.

2. மாதம் பார்த்துத் தொடங்குங்கள்

தை, மாசி இரண்டும் நல்ல மாதங்கள். ஐப்பசி, கார்த்திகை மழை ஓய்ந்து, வெயில் இன்னும் ஏறாத காலம். முருங்கை பூக்கத் தொடங்கியிருக்கும்; சீமைக்கருவேல், புங்கம், வேம்பு என்று அடுத்தடுத்து வரும். தென்னை வருடம் முழுக்க மகரந்தம் தரும். புதுப் பெட்டியில் அடை கட்ட மெழுகு சுரக்க வேண்டும், அதற்கு நிறையப் பூந்தேன் வேண்டும். பூ இல்லாத மாதத்தில் கூட்டை மாற்றினால் அவற்றுக்கு அடை கட்டத் தெம்பு இருக்காது.

சித்திரை, வைகாசியில் மாற்றவே மாற்றாதீர்கள். வெயிலில் அடை இளகி, கையில் எடுத்தவுடன் ஒடிந்து விழும். மழைக்காலத்திலும் வேண்டாம். வீட்டுக்காரர்கள் அவசரப்படுவார்கள். "ஆச்சி, கொஞ்சம் பொறுங்க. அந்த அறையை மட்டும் பூட்டி வைங்க, தை பிறந்ததும் வந்து எடுத்துர்றேன்" என்று சொன்னால் பெரும்பாலும் ஒத்துக்கொள்கிறார்கள். எப்போது வருவேன் என்று நாள் குறித்துச் சொல்லிவிட்டால் கொளுத்துகிற பேச்சு எழாது.

3. பெட்டிக்கு முன்பே இடத்தைத் தயார் செய்யுங்கள்

முதலில் பெட்டி வாங்கிவிட்டு, கூட்டத்தையும் ஏற்றிவிட்டு, அப்புறம் எங்கே வைப்பது என்று தேடுவதுதான் நான் அதிகம் பார்த்த தவறு. முதல் வாரத்தில் இரண்டு மூன்று தரம் இடம் மாற்றப்பட்ட கூட்டம் தங்குவதில்லை.

அது எங்கிருந்து வருகிறது என்று யோசியுங்கள். இரண்டடி கனமுள்ள சுண்ணாம்புச் சுவர். வெளியே அனல் அடித்தாலும் உள்ளே குளுமை. அங்கிருந்து ஒரு விரற்கடை கனம்கூட இல்லாத பலகைப் பெட்டிக்கு வருகிறது. கூட்டத்துக்குள் முட்டையும் புழுவும் இருக்கும் பகுதியை அவை 33 முதல் 35 டிகிரிக்குள் வைத்திருக்க வேண்டும். சுவர் கொடுத்த நிழலை இனி நீங்கள்தான் கொடுக்க வேண்டும்.

மா, புளி, வேம்பு ஏதாவது ஒரு மரத்தடி பாருங்கள். காலை வெயில் கொஞ்சம் படலாம். பத்து மணிக்கு மேல் நிழல் இருக்க வேண்டும். கிழக்குப் பார்த்த வாசல் நல்லது, காலை வெளிச்சம் பட்டதும் வேலைக்குக் கிளம்பும். வாசலுக்கு எதிரே பத்தடிக்காவது ஆள் நடமாட்டம், மாட்டுக் கொட்டகை, துணிக் கொடி எதுவும் வேண்டாம். இரவில் பெட்டி மேல் விளக்கு வெளிச்சம் விழக் கூடாது.

இரண்டடி முதல் மூன்றடி உயரத்தில் நாலுகால் தாங்கி ஒன்று அடித்து, ஒவ்வொரு காலையும் தண்ணீர்க் கிண்ணத்துக்குள் நிறுத்துங்கள். எறும்பு ஏறாமலிருக்க வேறு நிச்சயமான வழி கிடையாது. வாரத்துக்கு இரண்டு தரம் தண்ணீரை மாற்றுங்கள், இல்லாவிட்டால் கொசு முட்டையிடும். தாங்கியைத் தொட்டுக்கொண்டு ஒரு புல்லோ கிளையோ இருந்தாலும் எறும்புக்குப் பாலம் போட்ட மாதிரிதான். பக்கத்திலேயே ஒரு மண் தட்டில் கூழாங்கல் போட்டுத் தண்ணீர் வையுங்கள். ஊருணி வற்றும் காலத்தில் அதுதான் அவற்றுக்குத் துணை.

4. பெட்டியும் சாமான்களும்

நம் தேனீக்கு நியூட்டன் பெட்டி போதும். மார்த்தாண்டம் பக்கம் செய்து வருவது பெரும்பாலும் இந்த அளவுதான். அடிப்பலகை, ஏழு சட்டம் (அடை கட்டும் மரச்சட்டம்) கொண்ட புழு அறை, அதன் மேல் தேன் அறை, உள்மூடி, மேல்மூடி. புழு அறைச் சட்டத்தின் உள்ளளவு 20.6 செ.மீ நீளம், 14.4 செ.மீ உயரம். தேன் அறைச் சட்டம் அதே நீளம், உயரம் மட்டும் 6.2 செ.மீ.

ஊர்த் தச்சரிடம் செய்யச் சொன்னால், சட்டத்துக்கும் பக்கச் சுவருக்கும் நடுவில் 7 முதல் 9 மில்லிமீட்டர் இடைவெளி வரும்படி செய்யச் சொல்லுங்கள். அதற்கு மேல் அகன்றால் குறுக்கே அடை கட்டிவிடும், குறைந்தால் போகவர இடமிருக்காது. இரண்டு கோளாறிலும் சட்டத்தைத் தூக்கும்போது அடை கிழியும்.

வார்னிஷ் வாடை வீசும் புதுப் பெட்டியில் அன்றே கூட்டத்தை ஏற்றாதீர்கள். உள்பக்கம் எதுவுமே பூச வேண்டாம். பத்துப் பதினைந்து நாள் நிழலில் திறந்துவைத்து, உள்ளே பழைய தேன்மெழுகைத் தேய்த்துவிடுங்கள். அந்த வாசனை இருந்தால் அவற்றுக்கு அது வீடாகத் தெரியும்.

வேறு என்ன வேண்டும்? முகவலை, வெளிர்நிறச் சட்டை, புகைப்பான், கூர்மையான கத்தி, கோழி இறகு, ஊறவைத்த வாழை நார், அடை வைக்க ஒரு தாம்பாளம், தேன் அடைக்கு மூடியுள்ள பாத்திரம், வாசலை அடைக்கக் கம்பிவலைத் துண்டு, ராணி வெளியே போகாமல் தடுக்கும் வாயில் தகடு, ஒரு டார்ச். உடன் ஒரு ஆள் கட்டாயம் வேண்டும். கூட்டில் தலை மாட்டியிருக்கும்போது கீழே விழுந்த கத்தியை எடுக்க உங்களால் முடியாது.

வீட்டில் யாருக்காவது முன்பு பூச்சி கொட்டி மூச்சுத் திணறலோ முகம் வீங்குவதோ மயக்கமோ வந்திருந்தால் அவர்கள் அன்று அங்கே இருக்கவே கூடாது. உங்களுக்கே அப்படி என்றால் இந்த வேலையே வேண்டாம். கொட்டிய பிறகு அப்படி ஏதாவது தெரிந்தால் கைவைத்தியம் பார்க்காமல் உடனே மருத்துவமனைக்குப் போக வேண்டும்.

5. மூன்று நாள் வெளியிலிருந்து கவனியுங்கள்

காலை ஏழிலிருந்து ஒன்பதுக்குள் வாசலுக்குப் பக்கவாட்டில் உட்கார்ந்து பாருங்கள். பின்னங்காலில் மஞ்சளாகவோ வெள்ளையாகவோ மகரந்தம் ஒட்டிக்கொண்டு வந்தால் உள்ளே புழு இருக்கிறது, ராணி முட்டையிடுகிறது என்று பெரும்பாலும் நம்பலாம். அந்தக் கூட்டத்தை மாற்றலாம். மகரந்தமே வரவில்லை என்றால் கூட்டம் ராணி இல்லாமல் இருக்கலாம், அல்லது கிளம்பத் தயாராகிக்கொண்டிருக்கலாம். அதன் மேல் உழைப்பைக் கொட்டாதீர்கள்.

அடுத்து, கூடு எட்டுகிற இடத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். அலமாரி, பலகைத் தடுப்பு, காற்றுத் துவாரம் என்றால் எளிது. சுவரின் நடுவே போயிருந்தால் நான் கைவைப்பதில்லை. முட்டை வெள்ளைக்கருவும் சுண்ணாம்பும் சேர்த்து இழைத்த பூச்சை இடித்துவிட்டால், அதே மாதிரி திரும்பப் பூசுகிற கை இன்று எளிதில் கிடைக்காது. அந்தக் கூட்டம் அங்கேயே இருக்கட்டும். வருடா வருடம் அதிலிருந்து பிரிந்து வரும் கூட்டத்தை மெழுகு தேய்த்த வெறும் பெட்டி ஒன்றைப் பக்கத்தில் வைத்துப் பிடித்துக்கொள்ளலாம்.

6. மாற்றும் மாலை

நாலரை மணி வாக்கில் தொடங்குங்கள். வெயில் தணிந்திருக்கும், அடை கெட்டியாக இருக்கும், வெளியே போனவை திரும்பத் தொடங்கியிருக்கும். வேலை முடிகிற நேரத்தில் இருட்டிவிடும், இருட்டில் கூட்டம் கிளம்பாது.

தலைக்கு எண்ணெய், செண்ட் எதுவும் வேண்டாம். ஒரு தேனீ கொட்டினால் அந்த இடத்திலிருந்து வாழைப்பழம் போன்ற ஒரு வாடை எழும். அது மற்றவற்றையும் அங்கே அழைக்கும். கொட்டிய கொடுக்கை உடனே நகத்தால் சுரண்டி எடுத்துவிட்டு, அந்த இடத்தில் கொஞ்சம் புகை காட்டுங்கள்.

புகைக்குக் காய்ந்த தேங்காய் நார் போதும். வாசலில் இரண்டு மூன்று தரம் லேசாக ஊதிவிட்டு ஒரு நிமிடம் பொறுங்கள். புதியவர்கள் பயத்தில் ஊதிக்கொண்டே இருப்பார்கள். இத்தாலியத் தேனீ ஓரளவு தாங்கும். நம் தேனீ அடையை விட்டு இறங்கி மூலையில் குவிந்துவிடும், ராணி எங்கே என்றே தெரியாது.

இப்போது அடைகளை எடுக்க வேண்டும். ஓரத்து அடையிலிருந்து தொடங்குங்கள். ஓரத்தில் பெரும்பாலும் தேன் இருக்கும், நடுவில் புழு இருக்கும். அடையின் மேல்பகுதியைக் கத்தியால் அறுத்து, கீழே உள்ளங்கையால் தாங்கி எடுத்து, ஒட்டியிருக்கும் தேனீயை இறகால் மெல்லத் தள்ளிவிட்டுத் தாம்பாளத்தில் வையுங்கள். எடுத்த வரிசை மாறக் கூடாது.

அடையில் மூன்று பகுதி தெரியும். மேலே தேன், அதன் கீழே வளைவாக மகரந்தம், அதற்கும் கீழே முட்டை, புழு, மூடிய கூட்டுப்புழு. தேன் பகுதியை அறுத்து எடுத்துவிடுங்கள். ஆசைக்காக அல்ல: தேனோடு கட்டினால் பாரம் தாங்காமல் இரவிலேயே அடை விழும், ஒழுகும் தேனுக்கு எறும்பு வரும், அடுத்த நாள் வேறு கூட்டத்துத் தேனீ கொள்ளையடிக்க வரும். மகரந்தமும் புழுவும் உள்ள பகுதியை மட்டும் சட்டத்தின் அளவுக்கு நறுக்குங்கள்.

நறுக்கிய அடையின் மேல்விளிம்பை நேராக வெட்டி, சட்டத்தின் மேல்கட்டையோடு ஒட்டும்படி வைத்து, இரண்டு இடத்தில் வாழை நாரால் சுற்றிக் கட்டுங்கள். மேல்பக்கம் மேலேயேதான் இருக்க வேண்டும். அடையில் உள்ள சிறு அறைகள் லேசாக மேல்நோக்கிச் சாய்ந்திருக்கும். தலைகீழாகக் கட்டினால் சேகரித்தது நிற்காது. நாரை இறுக்கினால் புழு நசுங்கும், தளர்த்தினால் அடை சரியும். சட்டத்தை நிமிர்த்திப் பிடித்து மெல்ல ஆட்டிப் பாருங்கள், அசையவில்லை என்றால் சரி. சில நாளில் தேனீக்களே மெழுகு வைத்து ஒட்டிவிட்டு நாரைக் கடித்து வெளியே போடும். நைலான் நூலைக் கடிக்க முடியாது, கால் சிக்கிச் சாகும்.

கட்டிய சட்டங்களைப் பழைய வரிசையிலேயே பெட்டியின் நடுவில் வையுங்கள். புழு அடைகளை அடுத்தடுத்து வைத்தால்தான் அவற்றால் சூடு காக்க முடியும். நடுவில் வெறும் சட்டத்தைச் செருகாதீர்கள். கறுத்துப்போன, புழு இல்லாத பழைய அடையைக் கட்டவே வேண்டாம், மெழுகு அந்துப்பூச்சிக்கு அது விருந்து.

ஆண் தேனீ அறைகளைப் பார்த்துப் புதியவர்கள் நோய் என்று பயப்படுகிறார்கள். மூடி குவிந்து, நடுவில் ஊசி முனை அளவு துளை இருக்கும். நம் தேனீக்கு அது இயல்புதான்.

7. ராணி உள்ளே போனதா?

மொத்த வேலையும் இதில்தான் இருக்கிறது. ராணி மற்றவற்றைவிட நீளமாக, சற்றுக் கறுப்பாக இருக்கும். வயிற்றை இறக்கை முழுதாக மூடாது. ஒவ்வொரு அடையை எடுக்கும்போதும் இரண்டு பக்கமும் பாருங்கள். கண்டால் கையால் பிடிக்க வேண்டாம், அந்த அடையோடு பெட்டிக்கு மாற்றுங்கள்.

காணவில்லை என்றால் பதற வேண்டாம். அடை எல்லாம் எடுத்த பிறகு தேனீக்கள் பொந்தின் மூலையில் கொத்தாகத் தொங்கும். ராணி பெரும்பாலும் அந்தக் கொத்துக்குள்தான் இருக்கும். ஒரு கொட்டாங்குச்சியால் மெதுவாக அள்ளி, சட்டங்களின் மேல் கவிழ்த்துவிடுங்கள். இரண்டு மூன்று அள்ளு போதும். மூடியை முக்கால்வாசி மூடிவிட்டு, பெட்டியின் வாசல் பழைய பொந்தின் வாசலுக்கு நேரே வரும்படி வைத்துவிட்டுத் தள்ளி நில்லுங்கள்.

இனி அவை சொல்லும். பெட்டி வாசலில் சில தேனீக்கள் வயிற்றைத் தூக்கி நின்று இறக்கையை விசிறினால் "இங்கே வாருங்கள்" என்று மற்றவற்றை அழைக்கின்றன. ராணி உள்ளே இருக்கிறது. வரிசையாக நடந்து உள்ளே போவதைப் பார்க்கலாம். எத்தனை தரம் பார்த்தாலும் எனக்கு அந்த நேரம் நெஞ்சு நிறைந்துவிடும். மாறாக எல்லாம் திரும்பப் பொந்துக்கே போனால் ராணி அங்கே இருக்கிறது, மறுபடி அள்ள வேண்டும்.

எல்லாம் உள்ளே போனதும் வாசலில் ராணித் தடுப்புத் தகட்டைப் பொருத்துங்கள். வேலைக்காரத் தேனீ நுழையலாம், ராணி வெளியே வர முடியாது. ராணி போகாமல் கூட்டம் போகாது. ஆனால் ஐந்தாறு நாளுக்கு மேல் அந்தத் தகடு இருக்கக் கூடாது. ஆண் தேனீயும் அதில் சிக்கும். ராணி புதிதாகப் பிறந்ததாக இருந்தால் இணைசேர வெளியே பறந்தாக வேண்டும்.

8. இரவிலேயே கொண்டுபோங்கள், பொந்தை அடையுங்கள்

ஏழரை மணிக்கு வாசலில் கம்பிவலையைக் கட்டி, பெட்டியை ஆடாமல் எடுத்துப்போய்த் தாங்கியில் வையுங்கள். வண்டியில் போனால் சட்டங்கள் பயணத் திசைக்கு இணையாக இருக்கட்டும். பிரேக் போடும்போது ஒன்றோடொன்று மோதாது. வைத்த பிறகு வலையை எடுத்துவிடுங்கள், இரவு முழுக்க அடைத்து வைத்தால் உள்ளே வெந்துவிடும்.

எவ்வளவு தூரம் என்பது முக்கியம். இந்தத் தேனீ ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் சுற்றளவுக்குள் இரை தேடும், அந்த எல்லைக்குள் எங்கே வைத்தாலும் பழைய வாசலையே தேடிப்போகும். இரண்டு கிலோமீட்டருக்கு அப்பால் கொண்டுபோனால் புது இடத்தைப் படித்துக்கொள்ளும். அதே வீட்டின் இரண்டாம் கட்டிலிருந்து பின்தோட்டத்துக்கு மாற்றத்தான் பலர் கேட்கிறார்கள். அப்படியென்றால் மூன்று வாரம் வேறு ஊரில் சொந்தக்காரர் தோப்பில் வைத்துவிட்டு அப்புறம் கொண்டுவாருங்கள்.

பொந்தில் மிஞ்சிய மெழுகைச் சுரண்டி எடுத்து, மறுநாளே சுண்ணாம்புக் கலவையால் அடைத்துவிடச் சொல்லுங்கள். வாசனை இருக்கும்வரை அடுத்த கூட்டம் அங்கே வந்து குடியேறும். வீட்டுக்காரர்கள் உங்களை நம்பிக் கூப்பிட்டது அது திரும்ப வரக் கூடாது என்றுதான்.

9. முதல் பத்து நாள்

எட்டாம் நாள் வரை உள்மூடியைத் திறக்காதீர்கள். இதை நான் எத்தனை பேரிடம் சொல்லியிருப்பேன், பாதிப் பேர் மறுநாள் காலையிலேயே மூடியைத் தூக்கியிருப்பார்கள். நார் கட்டிய அடை ஒட்ட அவகாசம் வேண்டும். பயந்த கூட்டத்தை மறுபடி கலைத்தால், தகடு எடுத்த அன்றே கிளம்பிவிடும்.

தேன் அடையை எடுத்துவிட்டதால் முதல் வாரத்துக்குச் சாப்பாடு நீங்கள் கொடுக்க வேண்டும். கொதித்து ஆறிய தண்ணீரில் அதே அளவு சர்க்கரை கரைத்து, ஒரு டம்ளர் பாகைச் சிறு கிண்ணத்தில் ஊற்றி, மூழ்காமலிருக்கக் குச்சி போட்டு, உள்மூடிக்கு மேல் வையுங்கள். இருட்டிய பிறகுதான் வைக்க வேண்டும், பெட்டிக்கு வெளியே ஒரு சொட்டும் சிந்தக் கூடாது. பகலில் வைத்தால் வேறு கூட்டத்துத் தேனீ வாசனை பிடித்து வந்து சண்டை மூளும். கருப்பட்டி, வெல்லம் வேண்டாம், தேனீக்கு வயிற்றுப்போக்கு வரும். கடைத் தேனும் வேண்டாம், வேறு கூட்டத்து நோய் அதில் வரலாம்.

மூன்றாம் நாளிலிருந்து வாசலைப் பாருங்கள். மகரந்தம் வரத் தொடங்கினால் தங்க முடிவு செய்துவிட்டது என்று எடுத்துக்கொள்ளலாம். எட்டாம் நாள் மாலை பெட்டியின் பின்பக்கம் நின்று ஒரே ஒரு நடுச் சட்டத்தை மட்டும் தூக்கிப் பாருங்கள். அறைக்கு ஒன்றாக, அடியில் அரிசி நொய் போல முட்டை நின்றால் ராணி நலம். முட்டை மூன்று நாளில் பொரிந்துவிடும், அதனால் முட்டையைக் கண்டாலே ராணி மூன்று நாளுக்குள் அங்கே இருந்திருக்கிறது என்று அர்த்தம். ராணியைத் தேடிக் கலைக்க வேண்டியதில்லை.

ஒரே அறையில் இரண்டு மூன்று முட்டை தாறுமாறாக இருந்தால் ராணி இல்லை, வேலைக்காரத் தேனீக்களே முட்டையிடுகின்றன. நம் தேனீயில் இது வெகு சீக்கிரம் நடக்கும். அந்த முட்டைகளிலிருந்து ஆண் மட்டுமே வரும். அந்தக் கூட்டத்தை வேறு பெட்டியோடு சேர்ப்பதே நல்லது.

முட்டை இல்லை, மகரந்தமும் வரவில்லை, இருந்த தேனும் தீர்ந்துகொண்டே போகிறது என்றால் கூட்டம் மூட்டை கட்டுகிறது. வேறு பெட்டி இருந்தால் அதிலிருந்து தேனீ இல்லாமல் ஒரு இளம்புழுச் சட்டத்தை எடுத்து நடுவில் வையுங்கள். புழுவை விட்டுப் போக அவற்றுக்கு மனம் வராது. அதற்குள் எறும்பா, வெயிலா, பசியா என்று காரணத்தைக் கண்டுபிடியுங்கள்.

10. வாரம் ஒரு தரம் பார்க்க வேண்டியவை

அடிப்பலகையைத் துடைத்துவிடுங்கள். அதில் சேரும் மெழுகுத் தூளில்தான் மெழுகு அந்துப்பூச்சி வளரும். அடையில் வெள்ளை நூலாம்படை போன்ற சுரங்கம் தெரிந்தால் அந்தப் பகுதியை வெட்டிக் கொளுத்துங்கள். தேனீ மூடாத அடை எதுவும் பெட்டிக்குள் இருக்க வேண்டாம். பலமான கூட்டத்தை இந்தப் பூச்சி ஒன்றும் செய்யாது, ஆள் குறைந்த கூட்டத்தில்தான் புகும்.

பஞ்சுருட்டான் குருவி தேனீயைப் பறந்து பறந்து பிடிக்கும். அதை விரட்டிக்கொண்டிருக்க வேண்டாம், ஒரு சில போனால் கூட்டம் தாங்கும். கதண்டு (பெரிய குளவி) வந்தால் வாசலைக் குறுக்கிவிடுங்கள்.

பயப்பட வேண்டியது தாய்லாந்து சாக்புரூட் (Thai sacbrood) என்ற வைரஸ் நோய்க்கு. 1991, 1992 வாக்கில் தென்னிந்தியாவில் இந்தியத் தேனீக் கூட்டங்களில் பெரும்பகுதியை அழித்தது அதுதான். அறைக்குள் புழு தலை நிமிர்ந்து செத்து, இடுக்கியால் எடுத்தால் நீர் நிரம்பிய பை போல வரும். மருந்து கிடையாது. அந்தப் பெட்டியைத் தனியே தள்ளி வையுங்கள், சட்டங்களை வேறு பெட்டிக்கு மாற்றாதீர்கள், கையையும் கத்தியையும் கழுவாமல் அடுத்த பெட்டியைத் தொடாதீர்கள். ஊர் பேர் தெரியாத கூட்டத்தை வாங்காமலிருப்பதற்கு இதுவும் ஒரு காரணம்.

11. பங்குனி முதல் ஆவணி வரை

பங்குனியில் அடையின் அடிவிளிம்பில் வேர்க்கடலை போலத் தொங்கும் அறை தெரிந்தால் புது ராணி வளர்கிறது, கூட்டம் பிரியப்போகிறது. இரண்டாவது பெட்டி தயாராக இருந்தால் பழைய ராணியோடு பாதிச் சட்டங்களை அதற்கு மாற்றிவிடலாம். தயாராக இல்லை என்றால் அவை வேறு யார் வீட்டுச் சுவரையாவது பார்த்துக்கொள்ளும்.

சித்திரை வெயிலில் மேல்மூடி மேல் ஈரச் சாக்கைப் போடுங்கள், பதினொரு மணிக்கும் இரண்டு மணிக்கும் நனையுங்கள். வாசலில் தேனீக்கள் தாடி போலத் தொங்கினால் உள்ளே புழுக்கம் தாங்கவில்லை என்று பொருள். மேல்மூடிக்கு அடியில் சிறு குச்சி வைத்துக் காற்று விடுங்கள். ஆனி, ஆடி, ஆவணியில் பூ குறையும்போது பழையபடி சர்க்கரைப் பாகு, பத்து நாளுக்கு ஒரு தரம்.

12. தேன் எப்போது?

முதல் வருடம் எதிர்பார்க்காதீர்கள். புழு அறையின் ஏழு சட்டமும் நிறைந்த பிறகுதான் தேன் அறையை ஏற்ற வேண்டும். முன்னதாக ஏற்றினால் சூடு காக்க வேண்டிய இடம் பெருகும், எறும்புக்கும் பூச்சிக்கும் காவல் இல்லாத மூலை கிடைக்கும்.

தேன் அறைச் சட்டத்தில் முக்கால் பங்கு அறைகள் மெழுகால் மூடப்பட்டிருந்தால் எடுக்கலாம். மூடாத தேனில் தண்ணீர் அதிகம், சில வாரத்தில் புளித்துவிடும். கத்தியால் மூடியைச் சீவி, சுழற்றும் எந்திரத்தில் வைத்து எடுத்துவிட்டு, வெறும் அடையைத் திரும்பக் கொடுத்துவிடுங்கள். பிழிந்தால் அடை போய்விடும், அதை மறுபடி கட்ட அவை எவ்வளவோ பூவுக்கு அலைய வேண்டும்.

புழு அறையில் இருக்கும் தேனைத் தொடாதீர்கள், அது அவற்றின் ஆனி மாதச் சாப்பாடு. ஐப்பசி மழைக்கு முன் பெட்டியை வாசல் பக்கமாகச் சற்றே சாய்த்து, மேல்மூடியைக் கயிற்றால் கட்டிவிடுங்கள். உள்ளே தண்ணீர் நின்றால் அடிப்பலகை ஊறிப் பூசணம் பிடிக்கும்.